ஒரு டாலருக்கு ஒரு புள்ளி

பிரிட்டிஷ் கொலம்பியா மாகாண நியமனத் திட்டத்தின் புள்ளிப் பட்டியலை வகுக்கிற அதிகாரிகளுக்கும், அதற்குப் பொறுப்பான அமைச்சருக்கும்,

வணக்கம்.

நான் பிரின்ஸ் ஜார்ஜில் குடியிருக்கிறேன். வான்கூவரிலிருந்து காரில் வந்தால் ஒன்பது மணி நேரம். படிப்பு, வேலை, சம்பளம் என்று ஒவ்வொன்றுக்கும் புள்ளி போட்டு, இங்கே நிரந்தரமாகத் தங்க வேண்டியவர்களை மாகாணமே பரிந்துரைக்கிற உங்கள் திட்டத்தின் வழியாகத்தான் எனக்கு நிரந்தர வசிப்புரிமை (பி.ஆர்.) கிடைத்தது. அதன் பிறகு இதே ஊரில் வீடு வாங்கி, பிள்ளைகளை இங்கேயே பள்ளிக்கு அனுப்பிக்கொண்டிருக்கிறேன். அந்த நன்றியை மனதில் வைத்துக்கொண்டே இதை எழுதுகிறேன். இதன் ஆங்கில வடிவத்தை உங்கள் அலுவலகத்துக்குத் தனியாக அனுப்புகிறேன். தமிழில் எழுதக் காரணம், இதில் வருகிற கணக்கைப் போடுகிறவர்கள் தமிழில்தான் போடுகிறார்கள். தங்கள் சார்பில் என்ன எழுதப்பட்டிருக்கிறது என்று அவர்களும் படிக்க வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை மதியம் எங்கள் வீட்டுக்கு நாலைந்து பேர் வருவார்கள். இருபதுகளில் இருக்கிற பிள்ளைகள், முப்பதைத் தொட்டவர்கள் ஒன்றிரண்டு பேர். மதுரை, திண்டுக்கல், ஈரோடு, ஒருவர் யாழ்ப்பாணம். சர்ரேயிலிருந்து யாராவது வரும்போது மொத்தமாக வாங்கி வந்து ஃப்ரீசரில் போட்டு வைத்திருக்கும் கறிவேப்பிலையை எடுத்து என் மனைவி தாளிப்பாள். அந்த வாசனைக்காகவே பாதிப் பேர் வருகிறார்கள் என்று நினைக்கிறேன். சாப்பிட்டு முடித்து, தட்டுகளைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு வந்து உட்காருவார்கள். அப்புறம் ஒருவன் போனை எடுப்பான். "அண்ணா, ஒரு தடவை கூட்டிப் பாத்துடலாமா?"

போன வாரமும் கூட்டினோம். அதற்கு முந்தைய வாரமும் கூட்டினோம். இடையில் எதுவும் மாறியிருக்காது. இருந்தாலும் கூட்டுவோம்.

அந்தக் கணக்கில் ஒன்றை உங்கள் முன் வைக்கிறேன். திண்டுக்கல் பையன் ஒருவன், ஊரில் கேட்டரிங் பட்டப்படிப்பு முடித்து, இந்த மாகாணத்தில் ஒரு கல்லூரியில் டிப்ளமா படித்து, இப்போது பிரின்ஸ் ஜார்ஜில் ஓர் உணவகத்தில் சமையல்காரனாக இருக்கிறான். சமையலில் நாலு வருடத்துக்கு மேல் அனுபவம். அதற்கு 16 புள்ளி. அதில் ஒரு வருடமாவது கனடாவில் என்பதற்கு 10. வேலை கொடுக்கும் இடத்திலேயே இப்போதும் முழுநேரம் வேலை செய்கிறான் என்பதற்கு இன்னொரு 10. பட்டப்படிப்புக்கு 15, இந்த மாகாணத்தில் படித்ததற்கு 8. ஆங்கிலத்தில் கனடிய அளவுகோல்படி 8-ஆம் நிலை, அதற்கு 25. வான்கூவரை விட்டு இவ்வளவு தூரம் வந்து வேலை செய்வதற்கு 15, இங்கே ஒரு வருடத்தைக் கடந்ததற்கு 10. கடைசியாகச் சம்பளம். மணிக்கு 24 டாலர். அதற்கு 9.

மொத்தம் 118. இருநூறுக்கு.

தமிழ்நாட்டில் வளர்ந்த எவருக்கும் 200 என்ற எண் வயிற்றைக் கலக்கும். பொறியியல் கலந்தாய்வுக்குக் கணக்கில் 100, இயற்பியலும் வேதியியலும் சேர்ந்து 100. அரை மார்க்கில் கல்லூரி மாறிப் போனவர்களை எங்கள் தெருவிலேயே காட்ட முடியும். ஆனால் அந்தக் கலந்தாய்வில் எத்தனை இடம் இருக்கிறது என்று முன்கூட்டியே தெரியும். ரேங்க் பட்டியல் வெளிவரும். நம் முறை எந்தத் தேதியில் என்று தெரியும். இரண்டு பேர் ஒரே மதிப்பெண் என்றால் யாருக்கு முதலில் என்பதற்கும் எழுதி வைத்த விதி உண்டு. இந்த 118-ஐ வைத்துக்கொண்டு என் மேசையில் உட்கார்ந்திருப்பவனுக்கு இவற்றில் ஒன்றுகூடத் தெரியாது. பதிவு செய்து காத்திருப்பவர்களில் புள்ளி அதிகம் உள்ளவர்களை நீங்கள் அவ்வப்போது விண்ணப்பிக்க அழைப்பதைத்தான் டிரா என்கிறோம். அவன் பார்த்த டிராக்களில் கட்-ஆஃப் 118-க்கு மேலேயே நின்றது. அவ்வளவுதான் அவனுக்குத் தெரியும்.

புள்ளி முறையே வேண்டாம் என்று சொல்ல நான் வரவில்லை. அதன் அருமை எனக்குத் தெரியும். கனடாவில் புள்ளி முறை 1967-இல் வந்தது. அதற்கு முன் நெடுங்காலம், ஒருவர் எந்த நாட்டுக்காரர், என்ன நிறம் என்பதே அவரை உள்ளே விடுவதைத் தீர்மானித்தது. 1914-இல் கோமகட்டா மாரு கப்பலில் வந்த 376 இந்தியர்களில் பெரும்பாலானோரை இரண்டு மாதம் தரையில் கால் வைக்க விடாமல் நிறுத்தித் திருப்பி அனுப்பியது இதே மாகாணத்தின் கரையில், வான்கூவர் துறைமுகத்தில் நடந்தது. படிப்பையும் மொழியையும் அனுபவத்தையும் எண்ணாக மாற்றி, எல்லாருக்கும் ஒரே அளவுகோல் என்று வந்த பிறகுதான் என்னைப் போன்றவர்கள் இங்கே வர முடிந்தது. உங்கள் பட்டியலில் நான் மதிக்கிற வேறு ஒன்றும் இருக்கிறது. ஒட்டாவாவின், அதாவது மத்திய அரசின், எக்ஸ்பிரஸ் என்ட்ரி என்ற புள்ளி முறையில் முப்பது வயதைத் தொட்டதும் புள்ளி குறையத் தொடங்கும். நீங்கள் வயதுக்குப் புள்ளி பிடிப்பதில்லை. அது எத்தனை பேருக்கு ஆறுதல் என்று இந்த மேசையில் உட்கார்ந்து பார்த்தால்தான் தெரியும்.

நான் சொல்ல வருவது இதுதான். உங்களுக்கு அது விண்ணப்பங்களை வரிசைப்படுத்தும் பட்டியலாக இருக்கலாம். எங்களுக்கு அது எப்படி வாழ வேண்டும் என்று சொல்லும் அறிவுரை. எங்கே குடியேறுவது, எந்த வேலையைப் பிடிப்பது, கல்யாணத்தை எப்போது வைத்துக்கொள்வது, அம்மாவுக்கு உடம்பு சரியில்லை என்றால் ஊருக்குப் போய் வரலாமா, எல்லாவற்றையும் அதைப் பார்த்துத்தான் முடிவு செய்கிறார்கள். முழுநேர வேலையில் இரண்டு மாதம் இடைவெளி விழுந்தால் எந்தப் புள்ளி போகும் என்று கேட்டுவிட்டுத்தான் விமான டிக்கெட் போடுகிறார்கள். அப்படியிருக்க, அந்தப் பட்டியல் சொல்கிற அறிவுரை நேர்மையாக இருக்க வேண்டும். நம்பி நடந்தவரை அது கைவிடவும் கூடாது. இந்த இரண்டிலும் எனக்குக் குறை இருக்கிறது.

முதலில் சம்பளம். 2022 நவம்பரில் வந்த பட்டியலில் அனுபவத்துக்கு அதிகபட்சம் 40, படிப்புக்கு 40, மொழிக்கு 40, வேலை செய்யும் இடத்துக்கு 25. சம்பளத்துக்கு மட்டும் 55. மணிக்கு 16 டாலரில் 1 புள்ளியில் தொடங்கி, டாலருக்கு ஒரு புள்ளியாக ஏறி, 70 டாலரில் 55-ஐத் தொடுகிறது. டாலருக்கு ஒரு புள்ளி என்பதால், பட்டியலில் உள்ள மற்ற எல்லாவற்றுக்கும் ஒரு விலை வந்துவிடுகிறது. இதை நான் ஒரு ஞாயிற்றுக்கிழமை பேப்பரில் எழுதிக் காட்டினேன். எல்லாரும் கொஞ்ச நேரம் பேசவே இல்லை.

மூன்று வருடம் படித்து வாங்கிய இளங்கலைப் பட்டம், மணிக்கு 15 டாலர் கூடுதல் சம்பளத்துக்குச் சமம். ஒரு வருட அனுபவம் 4 டாலருக்குச் சமம். ஐஇஎல்டிஎஸ் ஆங்கிலத் தேர்வில், கேட்டுப் பதில் எழுதும் லிசனிங் பகுதியில் 7.5 வாங்கியவர் 8 வாங்கிவிட்டால், மற்ற மூன்றும் சரியாக இருக்கும் பட்சத்தில், கனடிய அளவுகோலில் 8-ஆம் நிலையிலிருந்து 9-க்குப் போவார். 25 புள்ளி 30 ஆகும். அந்த அரை பேண்டின், அதாவது அரை மதிப்பெண்ணின், விலை 5 டாலர். குடும்பத்தைக் கூட்டிக்கொண்டு வடக்கே வந்து, மைனஸ் முப்பதில் எஞ்சின் உறையாமல் இருக்கக் காருக்கு பிளக் மாட்டி வைத்துப் பழகி, வருடக் கணக்கில் வாழ்ந்தால் அதன் மொத்த மதிப்பு 25 டாலர். அதற்கு மேல் ஒரு புள்ளிகூட ஏறாது.

வான்கூவர் பெருநகரத்தில் இருக்கிற பர்னபியில் எனக்குத் தெரிந்த பெண் ஒருத்தி மென்பொருள் வேலை பார்க்கிறாள். மணிக்கு 62 டாலர். சம்பளத்துக்கு அவளுக்கு 47 புள்ளி, இடத்துக்குப் பூஜ்யம். திண்டுக்கல் பையனுக்குச் சம்பளத்துக்கு 9, இடத்துக்கு 25. இரண்டும் சேர்த்து 34. அவள் கெட்டிக்காரி, உழைப்பாளி. அவளுக்குக் கிடைத்ததில் எங்கள் எல்லாருக்கும் சந்தோஷம். கேள்வி அவளைப் பற்றியது இல்லை. பெருநகரத்தை விட்டு வெளியே போங்கள் என்று உங்கள் பட்டியல் 25 புள்ளியால் சொல்கிறது. பெருநகரத்தில் கிடைக்கிற சம்பளத்தைத் தேடிப் போங்கள் என்று 55 புள்ளியால் சொல்கிறது. சிறுவயதில் அப்பா ஒன்று சொல்லி அம்மா ஒன்று சொன்னால் பிள்ளை சத்தம் பெரிதாக இருக்கிற பக்கம்தான் திரும்பும்.

மாகாணங்களுக்கு ஆட்களைத் தேர்ந்தெடுக்கும் உரிமை 1990-களின் கடைசியில் வந்தபோது அதன் நோக்கங்களில் ஒன்று, புதிதாக வருகிறவர்கள் எல்லாரும் டொராண்டோ, மான்ட்ரியல், வான்கூவர் என்று மூன்று நகரங்களிலேயே அடைந்துவிடாமல் நாடு முழுக்கப் பரவ வேண்டும் என்பது. மாகாணத்துக்குள்ளும் அதே நியாயம் பொருந்தும் அல்லவா?

சமையல்காரருக்கு 24 டாலர் என்பது இந்த ஊரில் மோசமான சம்பளமே கிடையாது. அவனுடைய முதலாளி நல்ல மனிதர். அவன் கேட்காமலே இரண்டு முறை கூட்டிக் கொடுத்திருக்கிறார். அவர் எவ்வளவு நல்லவராக இருந்தாலும் ஒரு சமையல்காரருக்கு 45 டாலர் கொடுத்துவிட்டு இந்த ஊரில் கடை நடத்த முடியாது. அதாவது, உங்கள் பட்டியலில் சம்பளம் என்ற பகுதி அந்தப் பையனை அளக்கவில்லை. அவன் செய்கிற தொழிலை அளக்கிறது. தன் தொழிலில் அவன் எவ்வளவு தேர்ந்தவன் என்பதற்கு அதில் இடமே இல்லை.

இதில் இன்னொரு விஷயமும் இருக்கிறது. டிப்ஸ், ஓவர்டைம், தங்குமிடம், சாப்பாடு எதுவும் உங்கள் கணக்கில் சம்பளம் ஆகாது. ஏன் என்பது புரிகிறது. சரிபார்க்க முடியாததையெல்லாம் எண்ணில் சேர்த்தால் பொய் புகுந்துவிடும். ஆனால் வடக்கில் சம்பளம் கொடுக்கும் விதமே வேறு. ஸ்மிதர்ஸ் பக்கம் ஒரு விடுதியில் வேலை செய்யும் பெண்ணுக்கு மாடியில் ஓர் அறையும் மூன்று வேளைச் சாப்பாடும் உண்டு. வாடகைக்கு வீடு கிடைக்காத ஊரில் அந்த அறைதான் சம்பளத்தில் பெரிய பங்கு. வான்கூவர் முதலாளி அதைப் பணமாகக் கொடுத்தால் புள்ளி ஏறும். வடக்கத்தி முதலாளி கூரையாகக் கொடுத்தால் ஏறாது.

அடுத்து நான் சொல்லப் போவதை எழுதலாமா என்று பல நாள் யோசித்தேன். ஊரையும் கடையையும் சொல்லப் போவதில்லை. போன குளிர்காலத்தில் ஒரு பெண்ணைப் பேருந்து நிறுத்தத்திலிருந்து காரில் ஏற்றி வந்தேன். ஹீட்டர் சூடேறும் வரை கைகளைத் தேய்த்துக்கொண்டே இருந்தாள். பிறகு திடீரென்று, "அண்ணா, என் பே ஸ்லிப்ல 29 டாலர் இருக்கு, உண்மையில 25தான்" என்றாள். இரண்டு வாரத்துக்கு ஒரு முறை சம்பளம் கணக்கில் ஏறியதும், 80 மணி நேரத்துக்கு நாலு நாலு டாலராக 320 டாலரை ஏடிஎம்மில் எடுத்து ஒரு கவரில் போட்டு முதலாளியிடம் திருப்பிக் கொடுக்கிறாள். "நாலு புள்ளிக்கு அண்ணா" என்றாள். வரி மட்டும் 29-க்குப் பிடிக்கிறார்கள்.

இது இந்த மாகாணத்தின் தொழிலாளர் சட்டத்துக்கு விரோதம் என்று அவளுக்கும் தெரியும். புகார் கொடு என்று சொன்னேன். "கொடுத்தா வேலை போகும், வேலை போனா பதிவே போகும்" என்றாள். உங்கள் திட்டத்துக்கு வேலை வாய்ப்புக் கடிதம்தான் அஸ்திவாரம். அது உருவப்பட்டால் 118-உம் இல்லை, 18-உம் இல்லை. அவள் செய்வது சரி என்று நான் வாதாட மாட்டேன். அந்த முதலாளி செய்வது திருட்டு. ஆனால் மணிக்கு ஒரு டாலர் என்பது ஒரு புள்ளி என்று துல்லியமாக எழுதி வைத்ததனால்தான் அந்தத் திருட்டுக்கு ஒரு விலைப்பட்டியல் கிடைத்தது. நாலு புள்ளி வேண்டுமா, இரண்டு வாரத்துக்கு 320 டாலர். இந்த வியாபாரம் நடப்பதற்கு வசதியாக ஒரு படிவம் இருக்கக் கூடாது.

என்ன செய்யலாம்? கனடா அரசின் வேலைவாய்ப்புத் தளமான ஜாப் பேங்க் ஒவ்வொரு தொழிலுக்கும், ஒவ்வொரு பகுதிக்கும், குறைந்த சம்பளம், நடுச் சம்பளம், அதிகச் சம்பளம் என்று மூன்று எண்களை வெளியிடுகிறது. பிரின்ஸ் ஜார்ஜ் வருகிற காரிபூ பகுதிக்கும் அந்த எண்கள் உண்டு. சொல்லப்பட்ட சம்பளம் சந்தை நிலவரத்துக்கு ஒத்து வருகிறதா என்று நீங்கள் ஏற்கெனவே பார்க்கத்தான் செய்கிறீர்கள். அதே எண்ணை வைத்தே புள்ளியும் கொடுங்கள். காரிபூவில் சமையல்காரரின் நடுச் சம்பளத்தைவிட ஒருவர் அதிகம் வாங்கினால் அவர் தன் தொழிலில் தேர்ந்தவர், முதலாளி அவரை விட மனமில்லாமல் கூட்டிக் கொடுக்கிறார் என்று பொருள். அதற்குப் புள்ளி கொடுங்கள். டாலர் டாலராக ஏறாமல், நடுவுக்குக் கீழே, நடு, நடுவுக்கு மேலே என்று மூன்று நான்கு படிகளாக வையுங்கள். இதனால் ஏமாற்று முழுக்க ஒழிந்துவிடும் என்று நான் நம்பவில்லை. ஆனால் ஒவ்வொரு டாலருக்கும் கவர் கைமாறாது.

சம்பளத்தைக் கழித்துவிடுங்கள் என்று கேட்கவில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். அதிகம் சம்பாதிப்பவர் அதிகம் வரி கட்டுகிறார்; மாகாணத்துக்கு அதுவும் வேண்டும். 55-இல் பாதியை அதற்கே வைத்துக்கொள்ளுங்கள்.

அப்புறம், தொடக்கப் புள்ளியைக் கொஞ்சம் பாருங்கள். பட்டியல் வந்த 2022 நவம்பரில் இங்கே குறைந்தபட்சச் சம்பளம் மணிக்கு 15.65 டாலர். அதற்கு மேலே 16-இல் முதல் புள்ளி தொடங்கியது. 2025 ஜூனில் குறைந்தபட்சமே 17.85 ஆகிவிட்டது. அடித்தளம் உயர்ந்ததால் கீழே நிற்கிற எல்லாருக்கும் ஒன்றிரண்டு புள்ளி தானாக வந்தது. எல்லாருக்கும் வந்ததால் யாருக்கும் பயனில்லை.

இடத்துக்கு வருகிறேன். வான்கூவர் பெருநகரத்தில் வேலை என்றால் பூஜ்யம். ஸ்குவாமிஷ், ஆபட்ஸ்ஃபோர்ட், அகாசி, மிஷன், சில்லிவாக் என்றால் 5. மாகாணத்தின் மீதி நிலம் முழுக்க 15. கிலோனாவுக்கும் 15, ஃபோர்ட் நெல்சனுக்கும் 15. கிலோனாவில் ஏரிக்கரையில் இருப்பதும், அலாஸ்கா நெடுஞ்சாலையில் அடுத்த பெரிய ஊருக்கு நாலு மணி நேரம் ஓட்டிப் போக வேண்டிய இடத்தில் இருப்பதும் ஒன்றா என்று அங்கே இருக்கிற ஒருவரைக் கேட்டுப் பாருங்கள். இது ஒரு பக்கம் இருக்கட்டும். இதைவிட என்னை உறுத்துவது அந்த 10 புள்ளி. பெருநகரத்துக்கு வெளியே ஒரு வருடம் வேலை செய்தவருக்கும், அங்கே படித்து முடித்தவருக்கும் 10. மூன்று வருடம் இருந்தவருக்கும் அதே 10. ஐந்து வருடம் என்றாலும் அதே.

எங்கள் ஊரில் அரசு மருத்துவர்களுக்கு ஒரு ஏற்பாடு உண்டு. மலைக் கிராமங்களிலும் எளிதில் போக முடியாத இடங்களிலும் பணியாற்றிய அரசு மருத்துவர் மேற்படிப்புக்கு விண்ணப்பித்தால், நுழைவுத் தேர்வில் அவர் வாங்கிய மதிப்பெண்ணுடன் வருடத்துக்கு 10 சதவீதம் வரை கூட்டுவார்கள். மூன்று வருடம் இருந்தால் 30 சதவீதம் வரை. எது எளிதில் போக முடியாத இடம் என்பதில் வழக்கு மேல் வழக்கு நடந்தது, அதை மறைக்கவில்லை. ஆனால் கருத்து தெளிவானது. போய் ஒரு வருடத்தில் திரும்பிவிட்டவரும் மூன்று வருடம் தங்கியவரும் ஒன்றில்லை என்று அந்த விதி ஒப்புக்கொள்கிறது. நாமினேஷன், அதாவது உங்கள் பரிந்துரைக் கடிதம், கையில் வந்ததும் வண்டியைக் கட்டிக்கொண்டு தெற்கே போய்விடுகிறார்கள் என்று உங்களுக்கு ஒரு மனக்குறை இருப்பதை நான் அறிவேன். எங்கள் நகரத்து முதலாளிகளும் அதையே சொல்கிறார்கள். அப்படியென்றால் தங்குவதற்குப் புள்ளி கொடுங்கள். இரண்டாம் வருடத்துக்கும் மூன்றாம் வருடத்துக்கும் ஏற்றிக்கொண்டே போங்கள். மூன்று பனிக்காலம் ஓர் ஊரில் இருந்தவருக்கு அந்த ஊரில் பல் மருத்துவர் இருப்பார், பிள்ளைக்கு நீச்சல் வகுப்பு இருக்கும், கோயில் இல்லாவிட்டாலும் பொங்கலுக்குக் கூடுகிற ஒரு வீடு இருக்கும். அவர் போக மாட்டார். நான் போகவில்லை.

இனி இரண்டாவது குறை, நம்பி நடந்தவர்களைப் பற்றியது.

2024 அக்டோபரில் ஒட்டாவா குடிவரவு இலக்குகளைக் குறைத்தது. மாகாண நியமனத் திட்டங்களுக்கான நாடு தழுவிய இலக்கு 2024-இல் 1,10,000. 2025-க்கு அதை 55,000 ஆக்கினார்கள். உங்களுக்கு 8,000 ஆக இருந்த நாமினேஷன் ஒதுக்கீடு 2025 தொடக்கத்தில் 4,000 ஆனது. கத்தியை வீசியது நீங்கள் இல்லை என்று எங்கள் எல்லாருக்கும் தெரியும். சர்வதேச முதுநிலைப் பட்டதாரிகள் பிரிவு 2025 ஜனவரியில் மூடப்பட்டது. அதற்குப் பதிலாக இளங்கலை, முதுகலை, முனைவர் என்று மூன்று புதிய மாணவர் பிரிவுகள் வரும் என்று 2024-இல் அறிவித்திருந்தீர்கள். ஒதுக்கீடு பாதியானதும் அவை திறக்கப்படவில்லை.

அந்த அறிவிப்பு வந்த நாளில் அதைப் படித்துவிட்டுப் படிப்பில் சேர்ந்தவர்கள் இருக்கிறார்கள். ஊரில் நிலத்தை அடகு வைத்துக் கட்டணம் கட்டியவர்கள் இருக்கிறார்கள். படித்து முடித்தவர்களுக்குக் கிடைக்கும் ஒர்க் பெர்மிட் அதிகபட்சம் மூன்று வருடம், வாழ்நாளில் ஒரே ஒரு முறை. ஐஇஎல்டிஎஸ் மதிப்பெண் இரண்டு வருடத்தில் காலாவதி. உங்களிடம் செய்யும் பதிவு பன்னிரண்டு மாதத்தில் காலாவதி. இவர்களைச் சுற்றி மூன்று கடிகாரங்கள் ஓடுகின்றன. நாலாவது கடிகாரம், அதாவது அடுத்த டிரா எப்போது என்பது, அவர்கள் கண்ணில் படாத அறையில் இருக்கிறது.

ஒதுக்கீட்டைக் கூட்டுவது உங்கள் கையில் இல்லை. எப்படிச் சொல்வது என்பது உங்கள் கையில்தான் இருக்கிறது. வருடத் தொடக்கத்தில், இந்த ஆண்டு சுகாதாரத்துக்கு இத்தனை, பெருநகரத்துக்கு வெளியே இருப்பவர்களுக்கு இத்தனை, மற்றவர்களுக்கு இத்தனை என்று தோராயமாகவாவது எண்ணைப் போடுங்கள். பூஜ்யம் என்றால் பூஜ்யம் என்றே போடுங்கள். பூஜ்யம் என்று தெரிந்தால் ஒருவன் வேறு மாகாணத்தைப் பார்ப்பான், ஊருக்குத் திரும்பி அம்மாவோடு இருப்பான், வேறு தொழில் கற்பான். தெரியாததால்தான் 118-ஐ வாரா வாரம் கூட்டிக்கொண்டிருக்கிறான்.

பட்டியலை மாற்றினால், மாற்றத்துக்குப் பிறகு பதிவு செய்கிறவர்களுக்கே அது பொருந்தட்டும். ஏற்கெனவே பதிவில் இருப்பவர்களுக்கு, பதிவு காலாவதியாகும் அந்தப் பன்னிரண்டு மாதமாவது, பழைய பட்டியலையே வைத்துப் புள்ளி பிடியுங்கள். உங்கள் 25 புள்ளியை நம்பி ஒருவன் ஒன்பது மணி நேரம் வண்டி ஓட்டி வந்து இரண்டு வருட வாடகை ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டிருந்தால், அந்த 25-ஐ நீங்கள் கொடுத்த வாக்காக எடுத்துக்கொள்ளுங்கள். நாளைக்கு வேறொரு தொழிலுக்கோ வேறொரு ஊருக்கோ முன்னுரிமை தர வேண்டி வரலாம்; தாருங்கள். அதற்காக ஏற்கெனவே வந்து நிற்கிறவனின் காலடியில் இருக்கிற பலகையை உருவ வேண்டாம்.

உங்கள் ஒரு நாமினேஷன் எவ்வளவு பெரியது என்று உங்களுக்கு அலுவலகத்தில் உட்கார்ந்து தெரியுமா என்று எனக்குச் சில சமயம் தோன்றும். எக்ஸ்பிரஸ் என்ட்ரியில் மொத்தம் 1,200 புள்ளி; அதில் 600-ஐ உங்கள் ஒரு கடிதம் கொடுத்துவிடுகிறது. ஒருவர் பிறந்ததிலிருந்து படித்த படிப்பு, செய்த வேலை, பேசக் கற்ற மொழி எல்லாம் சேர்ந்து எவ்வளவோ, கிட்டத்தட்ட அவ்வளவு. அந்தக் கடிதத்துக்காகத்தான் இந்தப் பிள்ளைகள் மூன்று வருடமாகத் தீபாவளிக்கு ஊருக்குப் போகாமல் இருக்கிறார்கள்.

திண்டுக்கல் பையனின் ஒர்க் பெர்மிட் அடுத்த வருடம் ஜூலையில் முடிகிறது. இந்தச் சனிக்கிழமை மறுபடியும் ஐஇஎல்டிஎஸ் எழுதுகிறான், மூன்றாவது முறையாக, அந்த அரை பேண்டுக்காக. சமையலறையில் எக்ஸாஸ்ட் ஃபேன் சத்தத்துக்கு நடுவே ஒரு காதில் இயர்போன் மாட்டிக்கொண்டு பயிற்சி கேட்கிறான். மற்றக் காது ஆர்டருக்கு. லிசனிங்கில் 8 வந்துவிட்டால் மொத்தம் 123. அது போதுமா என்று கேட்கிறான். என்னிடம் பதில் இல்லை. உங்களிடம் இருந்தால் எழுதிப் போடுங்கள்.

உங்களில் யாராவது வேலையாக இந்தப் பக்கம் வந்தால், ஞாயிற்றுக்கிழமை மதியம் எங்கள் வீட்டுக்கு வாருங்கள். முதலில் சாப்பிடுவோம். பிறகு மேசையைத் துடைத்துவிட்டு, உங்கள் பட்டியலை நடுவில் விரித்து வைத்து, உங்கள் முன்னாலேயே ஒரு தடவை கூட்டிக் காட்டுகிறோம்.

இப்படிக்கு,
உங்கள் திட்டத்தின் பழைய விண்ணப்பதாரர் ஒருவர்,
பிரின்ஸ் ஜார்ஜ்